சனி பெயரும் ஊரின் வானத்தில் இத்தனை அதிசயமா! தெரியுமா?

காரைக்கால் கடற்கரையில் விடியற்காலையில் நின்றிருக்கிறீர்களா? கடலைவிட்டு முழு வட்டமாக எழுந்து, அடிவிளிம்பு மட்டும் தண்ணீரைத் தொட்டபடி சூரியன் நிற்குமே, அந்த நொடியில் சூரியன் இன்னும் உதிக்கவே இல்லை, தெரியுமா? நிஜச் சூரியன் அப்போது முழுசாகத் தொடுவானத்துக்குக் கீழேதான் இருக்கிறது! காற்றுமண்டலம் அதன் ஒளியை வளைத்து, சூரியனின் அகலத்தைவிடச் சற்றுக் கூடுதலாகவே மேலே தூக்கிக் காட்டிவிடுகிறது. இதனால் தினமும் இரண்டு நிமிஷத்துக்கு மேல் முன்கூட்டியே நமக்குப் பொழுது விடிகிறது. சாயங்காலமும் அதே அளவு தாமதமாகத்தான் சாய்கிறது. அது மட்டுமா? அந்த ஒளி சூரியனை விட்டுப் புறப்பட்டு 8 நிமிஷம் 20 விநாடி ஆகிவிட்டது. 15 கோடி கிலோமீட்டர் கடந்து வந்த வெளிச்சம் அது! அதை உண்டாக்க சூரியன் ஒவ்வொரு விநாடியும் சுமார் 60 கோடி டன் ஹைட்ரஜனை ஹீலியமாக மாற்றுகிறது. அதில் 40 லட்சம் டன்னுக்கு மேல் பொருளாகவே மிஞ்சுவதில்லை, ஒளியும் வெப்பமுமாகிவிடுகிறது.

வருஷத்தில் இரண்டு நாள் காரைக்காலில் நிழலே விழாது, தெரியுமா? ஏப்ரல் 18ஐ ஒட்டி ஒரு நாள், ஆகஸ்ட் 24ஐ ஒட்டி ஒரு நாள். அன்று நண்பகலில் வெட்டவெளியில் ஒரு கம்பை நேராக நட்டுப் பாருங்கள், நிழல் கம்பின் காலடிக்குள்ளேயே ஒடுங்கிவிடும். ஆனால் கடிகாரத்தில் 12 மணிக்குப் பார்த்தால் ஏமாந்துபோவீர்கள்! நம் கடிகாரங்கள் ஓடுவது கிழக்கே 82.5 பாகைக் கோட்டின் நேரத்தில். காரைக்காலோ 79.8 பாகையில், அதற்கு மேற்கே இருக்கிறது. அதனால் இங்கே சூரியன் உச்சிக்கு வர ஏப்ரலில் 12.10 ஆகும், ஆகஸ்டில் 12.13 ஆகும். இன்னும் கேளுங்கள்: இந்த இரண்டு நாளுக்கும் இடைப்பட்ட நாலு மாதமும் காரைக்காலில் நண்பகல் சூரியன் வடக்கே நிற்கும், நிழல் தெற்கே விழும். கத்தரி வெயிலில் எல்லோரும் வீட்டுக்குள் ஒதுங்கிவிடுவதால் இதைப் பார்த்தவர்கள் குறைவு. டெல்லிக்காரர்களுக்கு இந்தக் கொடுப்பினை ஒரு நாள்கூடக் கிடையாது. கடக ரேகைக்கு வடக்கே சூரியன் தலைக்கு நேர் மேலே வருவதே இல்லை.

துருவ நட்சத்திரத்தை வைத்து ஊரின் அட்சரேகையை அளந்துவிடலாம், தெரியுமா? கையை நீட்டி முஷ்டியை மடக்கினால் அதன் அகலம் ஏறக்குறைய 10 பாகை. காரைக்காலின் அட்சரேகை சுமார் 10.9. அதனால் வடக்கே தொடுவானத்திலிருந்து ஒரு முஷ்டி உயரத்துக்குக் கொஞ்சம் மேலே துருவ நட்சத்திரம் நிற்கும். இரவெல்லாம் எல்லா நட்சத்திரமும் நகரும், அது மட்டும் ஏறக்குறைய இருந்த இடத்திலேயே இருக்கும்!

சரி, இனி காரைக்காலை ஒட்டிய திருநள்ளாற்றுக்கு வருவோம். சனிப்பெயர்ச்சி என்றால் லட்சக்கணக்கான ஜனங்கள் வந்து நளதீர்த்தத்தில் முழுக்குப் போடும் ஊர். இந்த ஊரைப் பற்றி ஒரு செய்தி ஓயாமல் கைப்பேசிக்குக் கைப்பேசி பறந்துகொண்டே இருக்கிறது: நாசாவின் செயற்கைக்கோள் இங்குள்ள சனி கோயிலுக்கு நேர் மேலே வரும்போது மூன்று விநாடி நின்றுவிடுகிறதாம். இது உண்மையில்லை. தாழ்வான பாதையில் சுற்றும் செயற்கைக்கோள் விநாடிக்கு ஏழரைக் கிலோமீட்டர் வேகத்தில் போகிறது. மூன்று விநாடியில் காரைக்காலில் இருந்து நாகப்பட்டினம் போய்ச் சேர்ந்திருக்கும்! அந்த வேகம்தான் அதைக் கீழே விழாமல் வைத்திருக்கிறது. வேகம் நின்றால் அது பூமியை நோக்கி விழத் தொடங்கிவிடும். பொய்யான அதிசயம் எதற்கு? சனியிடம் நிஜமான அதிசயங்கள் கொட்டிக் கிடக்கின்றனவே!

எடுத்த எடுப்பில் ஒன்று: சனி தண்ணீரைவிட லேசானது, தெரியுமா? பூமியைப் போல 95 மடங்கு எடை, 700 பூமிகளுக்கு மேல் அடக்கிவிடும் பருமன், ஆனால் அடர்த்தி தண்ணீரில் பத்தில் ஏழு பங்குகூட இல்லை! கால் வைக்கத் தரையே கிடையாது. பெரும்பாலும் ஹைட்ரஜனும் ஹீலியமும்தான். இவ்வளவு பெரிய உருவம் தன்னைத்தானே ஒரு சுற்றுச் சுற்ற எடுத்துக்கொள்வது பத்தரை மணி நேரம். அதன் வளையங்கள் ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை இரண்டே முக்கால் லட்சம் கிலோமீட்டருக்கு மேல் அகலம், ஆனால் கனமோ பெரும்பாலான இடங்களில் சுமார் பத்தே மீட்டர். மூன்று மாடி வீட்டின் உயரம்தான்! அத்தனையும் பெரும்பாலும் பனிக்கட்டி. 2025 மார்ச்சில் அந்த வளையங்கள் நமக்குப் பக்கவாட்டில் திரும்பி, தொலைநோக்கியிலேயே காணாமல் போயின. பதினைந்து வருஷத்துக்கு ஒருமுறை இப்படி நடக்கிறது. கலிலியோ 1610இல் சனியைப் பார்த்துவிட்டு மூன்று உருண்டை என்று நினைத்தார். 1612இல் இரண்டைக் காணவில்லை என்று திகைத்தார். வளையம் என்று விளக்கிச் சொல்ல 1659இல் ஹைகன்ஸ் வர வேண்டியிருந்தது. அந்த ஹைகன்ஸின் பெயர் சூட்டிய ஆய்வுக்கலம் 2005 ஜனவரி 14 அன்று சனியின் துணைக்கோளான டைட்டனில் போய் இறங்கியது. அங்கே மீத்தேன் மழை பெய்கிறது, மீத்தேன் ஏரிகள் இருக்கின்றன! சனிக்குத் துணைக்கோள்கள் எத்தனை தெரியுமா? 2025 மார்ச் கணக்குப்படி 274.

சனி சூரியனை ஒருமுறை சுற்றிவர ஏறக்குறைய இருபத்தொன்பதரை வருஷம். அதைப் பன்னிரண்டு ராசிக்குப் பங்கு போட்டால் ராசிக்கு இரண்டரை வருஷம். ஏழரைச் சனி என்பது மூன்று ராசி. முப்பது வருஷம் வாழ்ந்தவனும் இல்லை, முப்பது வருஷம் தாழ்ந்தவனும் இல்லை என்று பாட்டிமார் சொல்லும் கணக்குக்கும் ஒரு சனிச் சுற்றுக்கும் அரை வருஷம்தான் வித்தியாசம்! கண்ணால் பார்க்கக்கூடிய கோள்களில் எல்லாவற்றையும்விட மெதுவாக நகர்வது இதுதான். பார்ப்பது சுலபம்: மினுங்காமல், லேசான மஞ்சள் நிறத்தில் நிதானமாக ஒளிரும். பெயர்ச்சிக்குத் திருநள்ளாறு வருகிறவர்கள் எல்லோரும் சனி தெரிகிற ஓர் இரவில் அண்ணாந்து அதை ஒருதரமாவது நேரில் பார்த்துவிட வேண்டும் என்பது என் ஆசை. சின்னத் தொலைநோக்கி ஒன்று கிடைத்தால் வளையமே தெரியும். முதல்முறை பார்க்கிறவர்கள் படம் ஒட்டிவைத்திருக்கிறதா என்றுதான் கேட்பார்கள்!

ஒரே சனிக்கு இரண்டு பெயர்ச்சித் தேதி இருக்கிறது, தெரியுமா? கும்பத்துக்குச் சனி வந்தது திருக்கணிதப்படி 2023 ஜனவரி 17. திருநள்ளாற்றில் விழா நடந்ததோ வாக்கியப் பஞ்சாங்கப்படி 2023 டிசம்பர் 20. பதினோரு மாத இடைவெளி! திருக்கணிதம் இன்றைய வானவியல் அளவுகளைக்கொண்டு திருத்திய கணக்கு. வாக்கியம் தலைமுறை தலைமுறையாக வந்த பழைய கணக்கு; சிறுசிறு பிசகுகள் நூற்றாண்டுகளாகச் சேர்ந்து இடைவெளி ஆகிவிட்டது. வானத்தில் சனி நிற்கும் இடத்தைக் கேட்டால் தொலைநோக்கி திருக்கணிதத்தின் பக்கம்தான் பேசும். ஆனாலும் வாக்கியத்தை லேசாக நினைத்துவிடாதீர்கள். அதன் கதை மெய்சிலிர்க்க வைப்பது!

சந்திரன் பூமிக்கு அருகே வந்து, விலகி, மறுபடி அருகே வர ஏறக்குறைய 27 நாள் 13 மணி. இப்படி ஒன்பது தடவை ஆனால் அச்சாக 248 நாள். அதனால் 248 நாளுக்கு ஒருமுறை சந்திரனின் ஓட்டம் அப்படியே திரும்ப வரும். இதைக் கண்டுகொண்ட நம் முன்னோர்கள் நாளுக்கு ஒன்றாக 248 வாக்கியங்கள் கட்டினார்கள். ஒவ்வோர் எழுத்தும் ஓர் எண். வாக்கியத்தை மனப்பாடம் செய்தவன் சந்திரனின் இருப்பிடத்தையே மனப்பாடம் செய்தவன்! எழுத்துப் பிழையில்லாமல் ஓர் அட்டவணையைக் காலங்காலமாகக் கடத்த இதைவிடக் கெட்டிக்கார வழி எனக்குத் தெரியவில்லை.

இதை நேரில் பார்த்து வியந்தவர் ஜான் வாரன். மதராஸ் வானாய்வகத்தில் பணியாற்றியவர், பின்னாளில் புதுச்சேரியில் வாழ்ந்தவர். அங்கே இருந்த ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக்காரர் தரையில் சோழிகளைப் பரப்பி, தாளில்லாமல், பேனாவில்லாமல், மனப்பாட வாக்கியங்களை மட்டும் வைத்து ஒரு சந்திர கிரகணத்தையே கணக்கிட்டுக் காட்டினார்! 1825 மே 31, ஜூன் 1 இரவில் நடந்த கிரகணம் அது. தொடக்க நேரத்தில் பிசகு எவ்வளவு தெரியுமா? நாலே நிமிஷம்! நடு நேரத்தில் 23 நிமிஷம், முடிவில் 52 நிமிஷம் தவறியது உண்மைதான். ஆனால் வெறும் சோழியாயிற்றே! வாரன் இதையெல்லாம் 1825இல் ‘கால சங்கலிதம்’ என்ற நூலில் பதிவு செய்தார். 1952இல் வானவியல் வரலாற்று அறிஞர் ஓட்டோ நொய்கெபாவர் இதை எடுத்துக்கொண்டு தமிழ் வானவியல் என்றே தலைப்பிட்டுக் கட்டுரை எழுதினார். அதே 248 நாள் கணக்கு பாபிலோனியக் களிமண் பலகைகளிலும் இருக்கிறது!

கிரகணம் என்றதும் ராகுவும் கேதுவும் நினைவுக்கு வருவார்கள். திருநாகேஸ்வரத்திலும் கீழப்பெரும்பள்ளத்திலும் நாம் கும்பிடும் அவர்கள், கணக்கில் இரண்டு புள்ளிகள்: சந்திரனின் பாதை சூரியனின் பாதையை வெட்டும் இடங்கள். எப்போதும் ஒன்றுக்கொன்று நேர் எதிரே இருக்கும், எப்போதும் பின்னோக்கியே நகரும், ஒரு சுற்றுக்கு 18.6 வருஷம். சூரியனும் சந்திரனும் இந்தப் புள்ளிகளுக்கு அருகே வந்தால்தான் கிரகணம்.

வாரனுக்கு அறுபது வருஷம் முன்பே இன்னொருவர் இதே வியப்பில் விழுந்தார். பிரெஞ்சு வானவியலாளர் லெ ஜாந்தில். வெள்ளிக்கோள் சூரியனைக் கடப்பதைப் பார்த்து, சூரியனின் தூரத்தை அளக்கவென்று 1760இல் புதுச்சேரிக்குக் கப்பலேறினார். 1761 கடப்பின்போது புதுச்சேரி ஆங்கிலேயர் கையில் இருந்தது. அவர் நடுக்கடலில் ஆடும் கப்பலில் மாட்டிக்கொண்டார், அளவெடுக்க முடியவில்லை. அடுத்த கடப்பு எட்டு வருஷம் கழித்து. காத்திருந்தார்! புதுச்சேரியில் வானாய்வகம் கட்டினார். மே மாதம் முழுக்க வானம் பளிங்காக இருந்தது. 1769 ஜூன் 4 விடியற்காலை மேகம் மூடியது. கடப்பு முடிந்த பிறகு வெயில் அடித்தது. ஊர் திரும்பினால் அவர் இறந்துவிட்டார் என்று வாரிசுகள் சொத்தைப் பங்கு போட்டுக்கொண்டிருந்தார்கள். ஆனால் காத்திருந்த காலத்தில் அவர் தமிழரிடம் கிரகணக் கணக்கு கற்றுக்கொண்டார். 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணம் எவ்வளவு நேரம் நீடிக்கும் என்பதில் தமிழ்க் கணக்கு 41 விநாடி தவறியது. ஐரோப்பாவின் சிறந்த அட்டவணைகளில் ஒன்றான மாயருடையது 68 விநாடி தவறியது! லெ ஜாந்திலுக்குக் கிடைக்காதது நம் காலத்தவருக்கு இரண்டு தடவை கிடைத்தது: 2004 ஜூன் 8, 2012 ஜூன் 6. இரண்டாவதில் இந்தக் கடற்கரையில் சூரியன் எழும்போதே வெள்ளி கரும்புள்ளியாக அதன் மேல் இருந்தது. இனி 2117 டிசம்பரில்தான்.

மாசி மகத்தன்று திருமலைராயன்பட்டினக் கடற்கரைக்குத் திருக்கண்ணபுரம் சௌரிராஜப் பெருமாள் தீர்த்தவாரிக்கு எழுந்தருளுகிறாரே, அந்த மக நட்சத்திரம் எவ்வளவு தூரம் தெரியுமா? சுமார் 79 ஒளியாண்டு. இன்று நம் கண்ணில் படும் அதன் ஒளி கிளம்பியபோது காரைக்காலில் பிரெஞ்சுக் கொடி பறந்துகொண்டிருந்தது! பதினாறு மணி நேரத்துக்கு ஒருமுறை சுழன்றுவிடும் அந்த நட்சத்திரம், அந்த வேகத்தில் நடுவில் பிதுங்கித் தட்டையாகிவிட்டது.

கடைசியாக ஒன்று, எனக்கு எல்லாவற்றிலும் பிடித்தது. சூரியனை விட்டால் நமக்கு மிக அருகே உள்ள நட்சத்திரக் குடும்பம் ஆல்ஃபா சென்டாரி. கண்ணுக்கு ஒற்றையாகத் தெரியும் அது இரட்டை நட்சத்திரம் என்று உலகத்தில் முதலில் பார்த்த இடம் எது தெரியுமா? புதுச்சேரி! காரைக்காலுக்கு வடக்கே சுமார் 130 கிலோமீட்டர். 1689 டிசம்பரில், ஒரு வால்நட்சத்திரத்தைப் பார்த்துக்கொண்டிருந்த ழான் ரிஷோ என்ற ஏசு சபைப் பாதிரியாரின் தொலைநோக்கியில் அது இரண்டாகப் பிரிந்தது. பாரீஸில் இருந்து அவரால் பார்த்திருக்கவே முடியாது; அங்கே அந்த நட்சத்திரம் உதிப்பதே இல்லை. நமக்கோ ஜூன் தொடக்கத்தில் இரவு பத்தேகால் மணிக்கு நேர் தெற்கே, இரண்டு முஷ்டி உயரத்துக்குச் சற்றுக் கீழே நிற்கும். 1915இல் இராபர்ட் இன்னஸ் அதற்கு மூன்றாவது கூட்டாளியைக் கண்டுபிடித்தார்: பிராக்ஸிமா, 4.24 ஒளியாண்டு. கண்ணுக்குத் தெரியாத சிவந்த குட்டி நட்சத்திரம். அதையும் ஒரு கோள் சுற்றுவது 2016இல் தெரியவந்தது. ஏறக்குறைய பூமியின் எடை, அங்கே ஒரு வருஷம் என்பது பதினொரு நாள்தான்!