பாய் விரிக்க மட்டுமா? தோளிலும் மாட்டலாம்!



நம்ம ஆதிச்சநல்லூரில் 1899 முதல் 1905 வரை அலெக்சாண்டர் ரீ நடத்திய அகழாய்வில் தங்க நெற்றிப்பட்டங்கள் கிடைத்தன. அலங்காரம் நம் மண்ணுக்குப் புதுசு இல்லை. ஆனால் காலத்துக்குக் காலம் அலங்காரம் மாறும். கைத்தொழிலும் கூடவே மாறினால்தான் பிழைக்கும். இதற்குப் பக்கத்திலேயே உதாரணம் இருக்கிறது: பத்தமடைப் பாய்.

தாமிரபரணிக் கரையில் விளையும் கோரையைக் கீறிக் காயவைத்து, தண்ணீரில் பல நாள் ஊறவைத்து, நூல் மாதிரி மெல்லிசாகக் கிழிக்கிறார்கள். பருத்தி நூலோ பட்டு நூலோ பாவாகக் கட்டி, கோரையை ஊடையாகக் கொடுத்து நெய்கிறார்கள். நயமான பாயைத் துணி போல மடிக்கலாம். புவிசார் குறியீடும் இதற்கு உண்டு.

பிளாஸ்டிக் பாய் வந்தபிறகு கோரைப் பாய் வாங்குபவர்கள் குறைந்தார்கள். இப்போது அதே நெசவு தோள்பை, பர்ஸ், ஃபைல் என்று வருகிறது. ஜீன்ஸ் போட்ட கல்லூரிப் பெண்ணும் மாட்டுகிறாள், சேலை கட்டிய டீச்சரும் மாட்டுகிறார். மணப்பாட்டுப் பனையோலைப் பெட்டிகளும் இப்படித்தான் கைப்பையாகக் கடைக்கு வருகின்றன.

பை தைக்க நினைக்கும் குழுக்கள் கவனிக்க வேண்டியவை:

1. பாயை வெட்டினால் ஓரம் பிரியும். வெட்டியவுடன் துணிப்பட்டி வைத்துத் தைத்துவிடுங்கள். உள்ளே லைனிங் அவசியம்.

2. பாயை மடிக்கும் இடத்தில்தான் கோரை முதலில் ஒடியும். பையின் அடிப்பாகத்துக்குக் கெட்டித் துணி கொடுங்கள்.

3. உங்க கூலியை மறக்காதீங்க! உதாரணமாக, பாய்த் துண்டு 120 ரூபாய்; துணி, ஜிப், நூல் 80 ரூபாய். மொத்தம் 200. பையை 300-க்கு விற்றால் 100 ரூபாய் லாபம் என்று தோன்றும். ஆனால் தைக்க 4 மணி நேரம் ஆனால், மணிக்கு 50 வீதம் கூலியே 200 ரூபாய். உண்மையில் 100 ரூபாய் நஷ்டம். "வீட்ல சும்மாதானே இருக்கோம்" என்று நாமே நம் உழைப்பைக் கணக்கில் விட்டுவிட்டால், வியாபாரி அதை எப்படிச் சேர்ப்பார்?

2023-ல் திறந்த அருங்காட்சியகத்தைப் பார்க்க வெளியூர்க்காரர்கள் நம் ஊருக்கே வருகிறார்கள். 'மதி' அங்காடிகளும் குழுப் பொருட்களை விற்பதற்காகவே இருக்கின்றன. எங்கே விற்றாலும் விலையை நாம் சொல்ல வேண்டும்.

அடுத்த குழுக் கூட்டத்தில் ஒரே ஒரு பை தைத்து, எத்தனை மணி நேரம் ஆனது என்று குறியுங்கள். கூலியோடு சேர்த்து அடக்க விலை போட்டு, தீர்மான நோட்டில் எழுதுங்கள். அதற்குப் பிறகு விலை பேசலாம்.