ஒரு கட்டை விழுந்தால் 4 புள்ளி தண்டம்!

சங்கரன்கோவில் பக்கம் குதிரை என்றதும் அய்யனார் கோவில் மண்குதிரைதான் பலருக்கும் ஞாபகம் வரும். தடை தாண்டும் குதிரையின் கதையே வேறு. வேகம் மட்டும் இருந்தால் போதாது. கட்டையைத் தட்டாமல் தாண்ட வேண்டும். விழுந்தால் போச்சு, 4 புள்ளி தண்டம்!

எப்படிப் பழக்குகிறார்கள்?

எடுத்த எடுப்பிலேயே உயரத் தாண்ட விடுவது இல்லை. முதலில் தரையில் கட்டைகளைப் போட்டு, மிதிக்காமல் நடக்க விடுகிறார்கள். கன்றை வண்டிக்குப் பழக்கியவர்களுக்கு இந்தப் பொறுமை புரியும். பிறகு பெருக்கல் குறி போல இரண்டு கட்டை, முழங்கால் உயரம். அப்புறம்தான் நேர்கட்டை. உயரம் கொஞ்சம் கொஞ்சமாக ஏறும். ஒரு தடைக்கும் அடுத்த தடைக்கும் நடுவில் எத்தனை எட்டு என்பதுதான் முக்கிய கணக்கு. எட்டு தப்பினால் கட்டை விழும்.

தினமும் தாண்ட விட்டால் கால் கெட்டுவிடும். அதனால் பல நாள் வெறும் நடையும் ஓட்டமும்தான். வேலை முடிந்ததும் சூடு, வீக்கம் உண்டா என்று காலைத் தடவிப் பார்ப்பார்கள்.

டோக்கியோவில் என்ன ஆச்சு?

பெங்களூர் வீரர் பவாத் மிர்சா, 2018 ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் தனிநபர் வெள்ளி வென்றவர். அப்போது ஏறிய குதிரை 'சென்யர் மெடிகாட்'. பிறகு அதற்குக் காயம். நெடுநாள் ஓய்வு. தேறி வந்த அதே குதிரையுடன் 2021-ல் டோக்கியோ ஒலிம்பிக்கில் இறங்கினார். அங்கே தடை தாண்டல் கடைசிக் கட்டம். அதற்கு முன் டாக்டர் முன்னிலையில் குதிரையை ஓட்டிக் காட்ட வேண்டும். நொண்டினால் வெளியே! மெடிகாட் நொண்டவில்லை. முதல் சுற்றில் 8 புள்ளி தண்டம் விழுந்தும் இறுதிச் சுற்றுக்குப் போனது. கிடைத்தது 23-வது இடம்.