ரயில் அட்டவணை இழுத்துச் சென்ற போர்

1914 ஜூன் 28-ல் சரயேவோவில் ஆஸ்திரிய இளவரசர் சுட்டுக் கொல்லப்பட்டார். நாற்பது நாளுக்குள் ஐரோப்பாவின் ஐந்து வல்லரசுகள் போரில் இருந்தன. இந்த வேகம் எங்கிருந்து வந்தது?

1871-ல் பிரான்ஸைத் தோற்கடித்த ஜெர்மனி, அல்சாஸையும் லொரேனில் ஒரு பகுதியையும் பறித்துக்கொண்டது. பிரான்ஸ் அதை மறக்காது என்று ஜெர்மன் சான்சலர் பிஸ்மார்க்குக்குத் தெரியும். அதற்குத் துணை கிடைக்காமல் பார்த்துக்கொண்டார்; 1887-ல் ரஷ்யாவோடு ரகசிய ஒப்பந்தமும் போட்டார். 1890-ல் அவரைப் பதவியிலிருந்து இறக்கிய பேரரசர் இரண்டாம் வில்லியம், அதைப் புதுப்பிக்கவில்லை. நான்கே ஆண்டுகளில் பிரான்ஸும் ரஷ்யாவும் கைகோத்தன. பாரிஸில் திரட்டிய கடனில் ஒரு பங்கு, ஜெர்மன் எல்லையை நோக்கிய ரஷ்யத் தண்டவாளங்களானது.

கடற்படைப் போட்டி, மொராக்கோ, போஸ்னியா நெருக்கடிகள் எல்லாம் பகையை வளர்த்தவைதான். ஆனால் எனக்கு அந்தத் தண்டவாளங்களே பெரிதாகப் படுகின்றன. இருபுறமும் எதிரி என்றானதும் ஜெர்மன் படைத் தலைமை ஒரு கணக்குப் போட்டது: ரஷ்யா படை திரட்ட நாளாகும், அதற்குள் பெல்ஜியம் வழியே பாய்ந்து, ஆறு வாரத்தில் பிரான்ஸை முடித்துவிட வேண்டும். ரஷ்யப் பாதைகள் பெருகப் பெருக அந்தக் கணக்கு உதைத்தது. 1917-க்குப் பிறகு வெல்லவே முடியாது என்ற அச்சம் பெர்லினைப் பிடித்தது. கிழக்கில் மட்டும் போரிட வைத்திருந்த மாற்றுத் திட்டத்தையோ 1913-லேயே கைவிட்டிருந்தார்கள். சரயேவோ தோட்டாவைவிட இந்த முடிவையே நான் கொடியதாக நினைக்கிறேன்.

1914 ஆகஸ்ட் 1-ல் ஜெர்மனி ரஷ்யா மீது போர் அறிவித்தது. அன்று மாலை, பிரான்ஸைத் தாக்காவிட்டால் பிரிட்டன் ஒதுங்கி நிற்கும் என்ற தொனியில் லண்டனிலிருந்து ஒரு தந்தி வந்தது. மகிழ்ந்துபோன வில்லியம், படை முழுவதையும் கிழக்கே திருப்பச் சொன்னார். தலைமைத் தளபதி மோல்ட்கே மறுத்துவிட்டார். பல லட்சம் வீரர்களுக்கான ரயில்களுக்கு நேரம் குறித்தாகிவிட்டது. கலைத்தால் போய்ச் சேர்வது படையாக இருக்காது, வெறும் கூட்டமாக இருக்கும் என்றார். திருப்பியிருக்க முடியும் என்று ரயில் பிரிவைச் சேர்ந்த தளபதி ஸ்டாப் 1925-ல் ஒரு நூலே எழுதிக் காட்டினார். மோல்ட்கேவுக்கு வேறு வழி யோசிக்கும் பழக்கமே விட்டுப்போயிருந்தது.

அதே மாலை லக்ஸம்பர்க் எல்லையில் ட்ருவாவியெர்ஜ் என்ற சிறு ரயில் நிலையத்தை ஒரு ஜெர்மன் பிரிவு பிடித்தது. சற்று நேரத்தில் இன்னொரு பிரிவு வந்து, தவறு நடந்துவிட்டது என்று சொல்லி அவர்களைத் திரும்ப அழைத்துப் போனது. நள்ளிரவுக்கு முன் லண்டனிலிருந்து மறுப்பு வந்தது. இனி உங்கள் விருப்பப்படி செய்யுங்கள் என்று மோல்ட்கேவிடம் சொல்லிவிட்டார் வில்லியம்.

மறுநாள் லக்ஸம்பர்க், ஆகஸ்ட் 4-ல் பெல்ஜியம். பெல்ஜியத்தின் நடுநிலைக்கு 1839-ல் கையெழுத்திட்டிருந்த பிரிட்டன் அன்றிரவே போரில் இறங்கியது. ஒரு வார்த்தை கேட்காமலே இந்தியாவும் அதில் இழுக்கப்பட்டது.