வெங்காய வளையம் மொறுமொறுப்பது எப்படி?

பெரிய வெங்காயத்தின் எடையில் ஏறத்தாழ 89 சதவீதம் தண்ணீர். அதை மாவில் தோய்த்துப் பொரித்து, மேலே மொறுமொறுப்பும் உள்ளே இனிப்புமாக எடுப்பதில்தான் ஆனியன் ரிங்ஸின் சூட்சுமம் இருக்கிறது. அமெரிக்க உணவகங்களில் பர்கருடன் வரும் இந்தப் பலகாரத்துக்கு நம் பஜ்ஜியைப் போலக் கடலை மாவு வேண்டாம், மைதா போதும்.

வெங்காயத்தை அரை அங்குலத் தடிமனில் வட்டமாக நறுக்கி, வளையங்களைப் பிரித்தெடுங்கள். ஒவ்வொன்றின் உட்புறத்திலும் கண்ணாடித்தாள் போன்ற மெல்லிய சவ்வு ஒட்டியிருக்கும். நகத்தால் நெம்பினால் உரிந்துவிடும். அது இருந்தால் வழுக்கும், மாவு பிடிக்காது. சவ்வை உரித்ததும் வளையங்களை உலர்ந்த மைதாவில் ஒருமுறை புரட்டுங்கள். ஈரம் அடங்கி, கரைத்த மாவு நன்றாக ஒட்டும்.

ஒரு கப் மைதாவுக்குக் கால் கப் அரிசி மாவு, உப்பு, மிளகாய்த்தூள் சேர்த்து, ஜில்லென்ற சோடா ஊற்றிக் கரையுங்கள். மைதாவை அதிகம் கலக்கினால் அதிலுள்ள குளூட்டன் என்ற புரதம் வலைபோலப் பின்னி, மேல்மாவை ரப்பராக்கிவிடும். அரிசி மாவில் குளூட்டன் கிடையாது. சோடாவிலிருக்கும் வாயு மாவுக்குள் நுண்குமிழிகளை உண்டாக்கும்; குளிர்ச்சியாக இருந்தால் அந்த வாயு சீக்கிரம் வெளியேறாது. அங்கங்கே சிறு கட்டிகள் இருந்தாலும் பரவாயில்லை.

எண்ணெய் 175 முதல் 180 டிகிரி செல்சியஸ் வரை காய வேண்டும். ஒரு சொட்டு மாவை விட்டால் உடனே மேலெழும்ப வேண்டும். வளையத்தைப் போட்டதும் சடசடவெனக் கிளம்பும் குமிழிகள், மாவிலுள்ள தண்ணீர் ஆவியாகி வெளியேறுவதன் அடையாளம். அந்த ஆவி வேகமாக வந்துகொண்டிருக்கும்வரை எண்ணெய் உள்ளே புகுவது கடினம். தண்ணீர் போன இடங்கள் துளைகளாகி, மாவு இறுகி மொறுமொறுப்பாகிறது. நிறைய வளையங்களை ஒரே ஈட்டில் போட்டால் எண்ணெயின் சூடு இறங்கி, ஆவி மெல்ல வெளியேறும், மேல்மாவு சொதசொதக்கும்.

எண்ணெயின் பெரும்பகுதி உள்ளே இறங்குவது வாணலியிலிருந்து எடுத்த பிறகுதான். ஆறும்போது உள்ளிருக்கும் ஆவி மறுபடி நீராகி அழுத்தம் குறைய, மேலே ஒட்டிய எண்ணெய் துளைகளுக்குள் உறிஞ்சப்படும். ஆகவே எடுத்தவுடன் நன்றாக உதறி வடியுங்கள். தட்டில் குவித்து வைத்தாலோ மூடி வைத்தாலோ வெங்காயத்தின் ஆவியே மேல்மாவை நமத்துப்போகச் செய்துவிடும். அடியில் காற்றோடும் கம்பித் தட்டில் ஒன்றன்மேல் ஒன்று படாமல் பரப்பி, சுடச்சுடப் பரிமாறுங்கள்.