கணக்குக் கேட்கும் உரிமை

நுழையும்முன்

மக்களின் வரிப்பணத்தால் நடப்பது அரசு. மக்களின் பெயரால் இயங்குவதும் அதுவே. ஆயினும், அரசு அலுவலகத்தின் ஏடு ஒன்றைப் புரட்டிப் பார்க்கும் உரிமை இந்தியக் குடிமக்கள் அனைவர்க்கும் நாடு முழுதும் செயற்படும் சட்டத்தின்வழிக் கிடைத்தது, விடுதலை பெற்று ஐம்பத்தெட்டு ஆண்டுகள் கழிந்த பின்னரே. அத்துணைக் காலம் ஏன் தேவைப்பட்டது? ஏடு திறந்ததால் விளைந்த பயன் யாது? இவ்வினாக்களுக்கு விடை காண, அரசு எவ்வாறு இயங்குகிறது என்பதை முதலில் அறிதல் வேண்டும்.

உரிமையாளரும் முகவரும்

வெளியூரில் பணிபுரியும் ஒருவர் தம் சொந்த ஊரில் வீடு கட்டுகிறார். பொறுப்பை ஓர் ஒப்பந்தக்காரரிடம் ஒப்படைத்துவிட்டு, இடையிடையே வந்து பார்த்துச் செல்கிறார். அடித்தளத்தில் எத்தனை மூட்டை சிமெண்டு சேர்ந்தது, கம்பியின் கனம் எவ்வளவு என்பன ஒப்பந்தக்காரர்க்குத் தெரியும், வீட்டுக்காரர்க்குத் தெரியா. பணம் ஒருவருடையது, தகவல் மற்றவரிடம் உள்ளது. இவ்வேற்றத்தாழ்வே ஏமாற்றத்திற்கு இடமளிக்கிறது. ஒப்பந்தக்காரர் நேர்மையானவராகவே இருப்பினும், அவர் நேர்மையானவர் என்பதை அறிந்துகொள்ள வீட்டுக்காரர்க்கு வழியில்லை.

பொருளியலறிஞர்கள் இதனை ‘உரிமையாளர் – முகவர் கோட்பாடு’ என்பர். மக்களாட்சியும் இத்தகைய உறவுகளாலான ஒரு சங்கிலியே. வாக்காளர் தம் பொறுப்பைச் சட்டமன்ற, நாடாளுமன்ற உறுப்பினரிடம் ஒப்படைக்கின்றனர். அவர்கள் அமைச்சரவையிடம் ஒப்படைக்கின்றனர். அமைச்சரவை அதிகாரிகளிடமும், அதிகாரிகள் களப்பணியாளரிடமும் ஒப்படைக்கின்றனர். சங்கிலி நீள நீள, தொடக்கத்தில் நிற்கும் குடிமகனுக்கும் இறுதியில் போடப்படும் சாலைக்கும் இடையேயுள்ள தொலைவு பெருகுகிறது. ஐந்தாண்டிற்கு ஒருமுறை வரும் தேர்தல், வீட்டுக்காரர் எப்போதோ ஒருமுறை வந்து பார்ப்பதைப் போன்றதே. இடைப்பட்ட நாள்களில் நடப்பதை அறியக் கணக்கேடு ஒன்றே துணை.

அலுவலகத்தின் இயல்பு

அரசின் மறைவுத்தன்மைக்குத் தீயோர் சிலரே காரணம் எனப் பலரும் கருதுவதுண்டு. ஜெர்மானியச் சமூகவியலறிஞர் மாக்ஸ் வெபர் (1864–1920) இதனை ஆழ்ந்து நோக்கினார். எழுத்துவடிவ விதிகள், படிநிலை, பயிற்சி பெற்ற அலுவலர், பாதுகாக்கப்படும் கோப்புகள் ஆகியவற்றால் இயங்குவது நவீன நிருவாகம். இம்முறை ஆள்பார்த்து நடவாது. விரைந்தும் ஒழுங்காகவும் செயற்படும். எனினும், தான் அறிந்தவற்றைத் தன்னிடமே வைத்துக்கொள்ளும் போக்கும் அதற்கு இயல்பாகவே உண்டு. தகவல் ஆற்றல் தருவது. ஆற்றலை எவரும் எளிதில் பகிர்ந்துகொள்வதில்லை. ஆகவே, நல்ல மனிதர்களை அமர்த்தினால் மட்டும் கோப்புகள் திறந்துவிடா; திறக்கச் செய்யும் விதி வேண்டும் என்பது இதிலிருந்து பெறப்படும் பாடமாகும்.

இந்தியாவில் இவ்வியல்பிற்குச் சட்டத்தின் துணையும் கிடைத்தது. ஆங்கிலேயர் 1923ஆம் ஆண்டு இயற்றிய அலுவல்சார் இரகசியச் சட்டம், விடுதலைக்குப் பின்னரும் தொடர்ந்தது. மறைப்பது பொதுவிதியாகவும் வெளியிடுவது விலக்காகவும் அமைந்த பழக்கம் அலுவலகங்களில் வேரூன்றியது.

அரசில் உண்மையான செல்வாக்கு யாரிடம் உள்ளது என்பது பற்றியும் அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு. பல்வேறு குழுக்கள் போட்டியிட்டு அரசின் முடிவுகளை வடிவமைக்கின்றன என்றார் அமெரிக்க அறிஞர் ராபர்ட் டால். ஒருவரோடொருவர் நெருங்கிய மேல்மட்டத்தினர் சிலரே பெருமுடிவுகளை எடுக்கின்றனர் என்று 1956இல் வெளிவந்த தம் நூலில் வாதிட்டார் சி. ரைட் மில்ஸ். இவற்றுள் எது ஓர் ஊருக்கு, ஒரு திட்டத்திற்குப் பொருந்தும் என்பதை ஆராய்வதற்கும், ஆவணங்கள் திறந்திருத்தல் வேண்டும்.

கல்லில் பொறித்த விதி

பொறுப்பேற்றவர் கணக்குக் காட்டவேண்டும் என்னும் எண்ணம் தமிழகத்திற்குப் புதிதன்று. முதலாம் பராந்தக சோழன் காலத்து உத்திரமேரூர்க் கல்வெட்டுகள் (கி.பி. 919, 921) குடவோலை முறையில் ஊர்ச்சபை வாரியங்களுக்கு உறுப்பினரைத் தேர்ந்தெடுத்த விதிகளைக் கூறுகின்றன. முன்னர் வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவர் மீண்டும் பொறுப்பேற்க இயலாது. அவருடைய நெருங்கிய உறவினர்க்கும் அத்தடை உண்டு.

ஆயினும், இவ்விதியின் எல்லையையும் உணர்தல் வேண்டும். உத்திரமேரூர் ஒரு பிரமதேய ஊர். சொந்த நிலம், வீடு, வேதக்கல்வி, குறித்த வயது ஆகிய தகுதிகள் உடையோரே குடவோலைக்கு உரியோராயினர். கணக்குச் சபைக்குக் காட்டப்பட்டது. நிலத்தில் உழுதவர்க்குக் காட்டப்படவில்லை. கணக்குக் காட்டுதல் என்பது பழைய அறம். ‘எவர்க்கும் காட்டுதல்’ என்பது பிற்காலத்தில் போராடிப் பெற்ற உரிமை.

இவ்வுரிமையை முதன்முதலில் சட்டமாக்கிய நாடு சுவீடன். 1766இல் அந்நாடு இயற்றிய அச்சுரிமைச் சட்டம், அரசு ஆவணங்களைக் குடிமக்கள் பார்க்கவும் அச்சிட்டு வெளியிடவும் வழிவகுத்தது. அக்காலத்தில் சுவீடனின் பகுதியாயிருந்த பின்லாந்தைச் சேர்ந்த ஆந்தர்ஸ் சிதேனியஸ் என்னும் சமயகுரு இச்சட்டத்திற்காகப் பெரிதும் உழைத்தவர்.

கூலிப் பட்டியலில் இறந்தவர் பெயர்

இந்தியாவில் இவ்வுரிமைக்கான மக்கள் போராட்டம் இராசஸ்தானின் வறண்ட சிற்றூர்களில் வலுப்பெற்றது. பஞ்ச நிவாரணப் பணிகளில் மண் சுமந்த உழைப்பாளர்க்கு அரசு அறிவித்த கூலி முழுமையாகக் கிட்டவில்லை. கேட்டபோது, அவர்கள் குறைவாக வேலை செய்ததாகப் பதிவேடு கூறுகிறது என விடை வந்தது. பதிவேட்டைக் காட்டுங்கள் என்றபோது, அஃது அரசு ஆவணம் என மறுக்கப்பட்டது. உழைத்தவருடைய உழைப்பின் கணக்கு, உழைத்தவர்க்கே மறைபொருளாயிற்று.

இந்திய ஆட்சிப்பணியைத் துறந்த அருணா ராய், நிகில் டே, சங்கர் சிங் முதலியோர் உழைப்பாளரோடு இணைந்து 1990இல் ‘மஸ்தூர் கிசான் சக்தி சங்கடன்’ என்னும் அமைப்பைத் தொடங்கினர். தொழிலாளர், உழவர் ஆற்றல் அமைப்பு என்பது அப்பெயரின் பொருள். 1994ஆம் ஆண்டு டிசம்பரில் கோட் கிரானா என்னும் சிற்றூரில் அவ்வமைப்பு முதல் பொதுவிசாரணையை நடத்தியது. கிடைத்த கூலிப் பட்டியல்களும் செலவுச் சீட்டுகளும் ஊரார்முன் உரக்கப் படிக்கப்பட்டன. அடுத்தடுத்து நடந்த இத்தகைய விசாரணைகளில், இறந்தவர் பெயரில் கூலி எழுதப்பட்டிருந்ததும், முடிக்கப்படாத கட்டடம் முடிந்ததாகக் கணக்கிடப்பட்டிருந்ததும் வெளிப்பட்டன. கணக்காளர் பலர் கூடியும் காண இயலாத பிழைகளை எழுதப் படிக்கத் தெரியாத மக்கள் கண்டுபிடித்தனர். ஏனெனில், இறந்தவர் யார், கட்டடத்திற்குக் கூரை உண்டா என்பனவற்றை ஊராரைவிட நன்கறிந்தவர் எவருமிலர்.

1996ஆம் ஆண்டு பியாவர் நகரில் நாற்பது நாள்கள் அறப்போராட்டம் நடைபெற்றது. ‘எங்கள் பணம், எங்கள் கணக்கு’ என்பது அம்மக்களின் முழக்கமாயிற்று. உரிமையாளர் – முகவர் கோட்பாடு முழுவதையும் நான்கு சொற்களில் அடக்கிய முழக்கம் அது.

சட்டம் பிறந்தது

நீதிமன்றமும் இத்திசையில் முன்னரே வழிகாட்டியிருந்தது. பொது அலுவலர்கள் பொதுவில் செய்யும் செயல்களை அறிய மக்களுக்கு உரிமை உண்டு என்று 1975ஆம் ஆண்டு இராஜ் நாராயண் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. 1997இல் தகவல் உரிமைக்கெனத் தனிச்சட்டம் இயற்றி முன்னோடி மாநிலமாயிற்று தமிழ்நாடு. எனினும், அச்சட்டத்தில் விலக்குகள் மிகுதியாக இருந்தன. நாடாளுமன்றம் 2002இல் நிறைவேற்றிய தகவல் சுதந்திரச் சட்டம் நடைமுறைக்கு வரவேயில்லை. இறுதியில், தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2005ஆம் ஆண்டு அக்டோபர் 12 முதல் முழுமையாக நடைமுறைக்கு வந்தது.

தெரிந்து தெளிவோம்

• தகவல் கோருபவர் எதற்காகக் கேட்கிறார் என்னும் காரணத்தைக் கூறத் தேவையில்லை.
• பொதுத் தகவல் அலுவலர் 30 நாள்களுக்குள் விடையளிக்க வேண்டும். ஒருவரின் உயிர் அல்லது சுதந்திரம் தொடர்பான தகவலாயின் 48 மணி நேரத்திற்குள் அளிக்க வேண்டும்.
• வறுமைக்கோட்டிற்குக் கீழுள்ளோர்க்குக் கட்டணம் இல்லை.
• விடை கிடைக்காவிடினும் நிறைவளிக்காவிடினும், அதே துறையின் மேல் அலுவலரிடம் முதல் மேல்முறையீடும், தகவல் ஆணையத்தில் இரண்டாம் மேல்முறையீடும் செய்யலாம்.
• தக்க காரணமின்றித் தகவல் தர மறுத்த அலுவலர்க்கு நாளொன்றுக்கு ரூ.250 வீதம், ரூ.25,000 வரை தண்டம் விதிக்க ஆணையத்திற்கு அதிகாரம் உண்டு.

இவற்றுள் முதல் விதி ஆழ்ந்த பொருளுடையது. தம் வீட்டுக் கணக்கைக் கேட்பவர் எவர்க்கும் காரணம் கூறுவதில்லை. காரணம் கூறத் தேவையில்லை என்பதால், தகவலின் உரிமையாளர் மக்களே எனச் சட்டம் ஒப்புக்கொண்டதாகிறது. கேட்கும் முன்னரே வெளியிட வேண்டிய தகவல்களையும் அச்சட்டத்தின் நான்காம் பிரிவு பட்டியலிடுகிறது.

திரையும் ஒளியும்

அனைத்தையும் திறந்து வைத்தல் இயலுமா? நாட்டின் பாதுகாப்பு, வெளிநாட்டு உறவு, வணிக மறைபொருள், புலனாய்வு, ஒருவரின் உயிர்க்கு இடர் விளைக்கும் செய்தி முதலியவற்றிற்குச் சட்டத்தின் எட்டாம் பிரிவு விலக்களிக்கிறது. மறைப்பதால் வரும் நன்மையைவிட வெளியிடுவதால் வரும் பொதுநலன் மிகுமாயின், விலக்குப் பெற்ற தகவலையும் தரலாம் எனவும் அதே பிரிவு கூறுகிறது.

கடினமான வினா தனிமனிதத் தகவல் பற்றியது. அந்தரங்கம் அடிப்படை உரிமை என உச்ச நீதிமன்றம் 2017இல் தீர்ப்பளித்தது. நோயாளியின் மருத்துவக் குறிப்பும் மாணவியின் முகவரியும் எவர்க்கும் காட்டத்தக்கன அல்ல. தனிமனிதத் தகவலுக்கான விலக்கை விரிவாக்கும் திருத்தம், 2023ஆம் ஆண்டின் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டத்தில் இடம்பெற்றது. அத்திருத்தம் அந்தரங்கத்தைக் காக்கும் என்பர் ஒருசாரார். கேள்விகளைத் தடுக்கும் என்பர் மறுசாரார். இவ்வழக்கைச் சீர்தூக்குவோர் ஒன்றை நினைவிற் கொள்ளல் நன்று: கூலிப் பட்டியலில் இருப்பனவும் தனிமனிதர் பெயர்களே. அப்பெயர்கள் படிக்கப்பட்டதனால்தான் இறந்தவர் கூலி வாங்கியது தெரியவந்தது. ஆகவே, ஒரு தகவலில் பெயர் உள்ளதா என்பது மட்டும் அளவுகோலாகாது. அது தனிவாழ்வைச் சார்ந்ததா, பொதுப்பணத்தைச் சார்ந்ததா என்பதே தக்க அளவுகோல்.

படிப்பவர் வேண்டும்

சட்டம் இருப்பதனாலேயே வெளிப்படைத்தன்மை வந்துவிடாது. தகவல் ஆணையங்களில் மேல்முறையீடுகள் தேங்குகின்றன. தகவல் கேட்டதற்காகத் தாக்கப்பட்டோரும் உயிரிழந்தோரும் உளர். ஆயிரம் பக்கங்களை இணையத்தில் ஏற்றிவிட்டு, தேவையான ஒரு பக்கத்தைக் கண்டறிய இயலாதவாறு செய்வதும் மறைத்தலின் மற்றொரு வடிவமே.

ஏடு திறந்தால் போதாது. அதனைப் படிப்பவர் வேண்டும். படித்ததை வினவ மன்றம் வேண்டும். அத்தகைய மன்றமே கிராம சபை. குடியரசு நாள், தொழிலாளர் நாள், விடுதலை நாள், காந்தியடிகள் பிறந்தநாள் உள்ளிட்ட நாள்களில் அது தமிழகச் சிற்றூர்களில் கூடுகிறது. கோட் கிரானாவில் மக்கள் தாமே நடத்திய விசாரணையின் வழியிலேயே, 2005ஆம் ஆண்டின் ஊரக வேலை உறுதிச் சட்டம் கிராம சபையின் சமூகத் தணிக்கையைக் கட்டாயமாக்கியது.

ஊராட்சியின் வரவுசெலவு படிக்கப்படும்போது அமர்ந்து கேட்பதும், புரியாத வரியை மீண்டும் படிக்கச் சொல்வதும் எளிய செயல்கள். ஆனால், வாக்காளரிடம் தொடங்கிப் பல கைகள் மாறிச் செல்லும் அச்சங்கிலியின் இருமுனைகளும் மீண்டும் சந்திப்பது அவ்விடத்திலேதான். பணத்தைத் தந்தவரும் அதனைச் செலவிட்டவரும் ஒரே ஏட்டை ஒருங்கே நோக்கும் அப்பொழுதில்தான், மக்களாட்சி என்னும் சொல் முழுப்பொருள் பெறுகிறது.