பால்கனியில் தேன்சிட்டுக்கு சர்க்கரைத் தண்ணீர் எப்போ வைக்கணும்? வைக்கலாமா, வேண்டாமா?

காலை ஆறரை மணி. தாம்பரம் - வேளச்சேரி சாலையில் டிராஃபிக் சூடுபிடிக்கும் முன்பே, ராஜகீழ்ப்பாக்கம் அபார்ட்மென்ட் பால்கனிகளில் ‘ட்சிட்... ட்சிட்...’ சத்தம் ஆரம்பித்துவிடும். துணிக்கொடியில் உட்கார்ந்து, அடுத்த நொடி செம்பருத்திக்குத் தாவும் அந்தக் குட்டிப் பறவையை போனில் படம் பிடித்து, ‘எங்க வீட்டுக்கு ஹம்மிங் பேர்ட் வந்திருக்கு’ என்று ஸ்டேட்டஸ் வைப்பவர்கள் நிறைய. அடுத்த ஸ்டெப், ஆன்லைனில் சிவப்பு நிற ‘ஹம்மிங் பேர்ட் ஃபீடர்’ ஆர்டர் போடுவது.

கொஞ்சம் பொறுங்கள். ஆர்டர் பட்டனைத் தட்டும் முன் தெரிந்துகொள்ள வேண்டியவை இவை.

அது ஹம்மிங் பேர்டே இல்லை

ஹம்மிங் பேர்ட் வட, தென் அமெரிக்கக் கண்டங்களில் மட்டுமே வாழும் பறவை. 300-க்கும் மேற்பட்ட வகைகள் இருந்தும், ஒன்றுகூட இயற்கையாக இந்தியாவில் கிடையாது. நம் பால்கனிக்கு வருவது தேன்சிட்டு. பூந்தேன் குடிப்பதால் இரண்டுக்கும் நீளமான அலகு அமைந்துவிட்டது. மற்றபடி இரண்டும் வேறு வேறு குடும்பம். ஹம்மிங் பேர்ட் அந்தரத்தில் நின்றபடியே தேன் குடிக்கும். தேன்சிட்டோ பெரும்பாலும் காம்பில் உட்கார்ந்துதான் குடிக்கும்.

சென்னைப் புறநகரில் ஊதாப்பிட்டு தேன்சிட்டு, ஊதா தேன்சிட்டு, லோட்டன் தேன்சிட்டு ஆகிய மூன்றையும் பார்க்கலாம்.

அப்போ ‘எப்போ வைக்கணும்’ என்ற கேள்வி எங்கிருந்து வந்தது?

அமெரிக்காவில் இருந்துதான். அங்கே பல ஹம்மிங் பேர்ட்கள் குளிர்காலத்தை மெக்சிகோ, மத்திய அமெரிக்கா பக்கம் கழித்துவிட்டு வசந்த காலத்தில் வடக்கே திரும்பும். நீண்ட பயணம் முடிந்து வரும்போது பூக்கள் குறைவாக இருக்கலாம். அதனால் தெற்கு மாநிலங்களில் மார்ச் மாதமும், வடக்கே ஏப்ரல் இறுதி, மே மாதத்திலும் ஃபீடரை வெளியே தொங்கவிடுவார்கள்.

நம்ம ஊர் தேன்சிட்டு வருடம் முழுக்க இங்கேயே இருக்கும். அதுவும் மாசி, பங்குனியில் கல்யாண முருங்கையும் புங்கையும் பூத்துக் குலுங்கும். முருங்கையிலும் பூ இருக்கும். அதாவது, அமெரிக்கர்கள் ஃபீடர் வைக்கும் அதே வசந்த காலத்தில், இங்கே தேனுக்குப் பஞ்சமே இல்லை.

அதையும் மீறி வைத்தால் என்ன ஆகும்?

சென்னை வெயிலில் சர்க்கரைத் தண்ணீர் ஒரே நாளில் புளித்துவிடும். பூஞ்சை பிடிக்கும், எறும்பு மொய்க்கும். கழுவாத ஃபீடர் ஒரு பறவையின் நோயை இன்னொன்றுக்குக் கடத்தும். 2021-ல் அமெரிக்காவின் மேற்கு மாநிலங்களில் சால்மொனெல்லா கிருமி சிறு பறவைகளிடையே பரவியபோது, தானிய ஃபீடர்களைக் கொஞ்ச நாள் கழற்றி வையுங்கள் என்று அங்குள்ள வனவிலங்குத் துறைகளே மக்களைக் கேட்டுக்கொண்டன.

இன்னொரு விஷயம், குஞ்சுகளுக்கு சர்க்கரை போதாது. தாய்ப்பறவை சின்னச் சின்னப் பூச்சி, சிலந்திகளைப் பிடித்து ஊட்டித்தான் அவற்றை வளர்க்கும். செடிக்குப் பூச்சிமருந்து அடித்துவிட்டு பக்கத்திலேயே ஃபீடர் தொங்கவிட்டால், ஒரு கையால் கொடுத்து மறு கையால் பிடுங்குவது மாதிரிதான்.

வைத்தே ஆகணும் என்றால்...

- ஒரு பங்கு வெள்ளைச் சர்க்கரை, நான்கு பங்கு தண்ணீர். அவ்வளவுதான்.
- தேன், வெல்லம், நாட்டுச்சர்க்கரை, கலர் பவுடர் எதுவும் வேண்டாம்.
- தினமும் கொட்டி, சுடுதண்ணீரில் கழுவி, புதிதாக ஊற்ற வேண்டும்.
- ஒரு வாரம் ஊருக்குப் போகிறீர்களா? கழற்றி வைத்துவிட்டுப் போங்கள்.

உண்மையில் எதை, எப்போ வைக்கணும்?

*மார்ச் முதல் ஜூன் வரை: தண்ணீர்.* அக்னி நட்சத்திர வெயிலில் தேனைவிட இதுதான் தேவை. ஆழமில்லாத மண் தட்டில், நடுவே ஒரு கல் போட்டு, நிழலில் வையுங்கள். தண்ணீரை தினமும் மாற்றினால் கொசுப்புழு வளராது.

*ஆடி முதல்: செடி.* வெயில் தணிந்து மழை எட்டிப்பார்க்கும் நேரம் இது. செம்பருத்தி, இட்லிப்பூ இரண்டும் தொட்டியிலேயே நன்றாக வரும். இரண்டு தொட்டி வைத்தால், தினமும் கழுவத் தேவையில்லாத ஃபீடர் ரெடி.

*எப்போதும்: கூட்டைத் தொடாதீர்கள்.* சிலந்தி வலை, நார், சருகு எல்லாம் சேர்த்துக் கட்டிய சின்னப் பை மாதிரி ஒன்று கேபிள் வயரிலோ துணிக்கொடியிலோ தொங்கினால், அது ஒட்டடை இல்லை, தேன்சிட்டின் கூடு. முட்டையிட்டு, குஞ்சு பறக்க சுமார் ஒரு மாதம் ஆகும். அதுவரை துணியை வேறு பக்கம் காயப்போட்டால் போதும்.

போனில் எடுத்த அந்தப் படத்தையும் வீணாக்க வேண்டாம். எந்த வகை, எந்த நாள், எந்த இடம் என்று இ-பேர்ட் செயலியில் பதிவு செய்யலாம். ஜனவரியில் நடக்கும் பொங்கல் பறவைகள் கணக்கெடுப்பில் பால்கனியில் நின்றபடியே 15 நிமிடம் எண்ணினாலும் கணக்கில் சேரும். அப்போது மட்டும் ‘ஹம்மிங் பேர்ட்’ என்று போட்டுவிடாதீர்கள்!