ஒப்பந்தம் முடிந்தால் உரிமையும் முடியுமா?

மடவளை பஸாரில், கண்டிக்கும் வத்தேகமைக்கும் செல்லும் காலை பஸ் வண்டிகளை எதிர்பார்த்து நிற்போரிடையே ஆசிரியைகள் பலரைக் காணலாம். அவர்களுட் சிலர் நிரந்தர நியமனம் பெற்றவர்கள். வேறு சிலரோ ஓராண்டு ஒப்பந்தத்தில் தனியார் பாடசாலைகளிலும் சர்வதேசப் பாடசாலைகளிலும் கற்பிப்பவர்கள். வகுப்பறையில் இரு சாராருக்கும் வேற்றுமை இல்லை. "இனி உங்கள் சேவை தேவையில்லை" என்னும் கடிதம் வரும்போதுதான் வேற்றுமை வெளிப்படுகின்றது. "ஒப்பந்தந்தானே, என்ன செய்வது?" என்று மனமொடிந்து வீட்டோடு இருந்துவிடுவோர் அநேகர். அவ்வாறு இருந்துவிட வேண்டியதில்லை என்பதை எடுத்துரைக்கவே இதனை எழுதுகின்றோம்.

முதலில் அறிய வேண்டியது, நம்மை வேலைக்கு அமர்த்தியவர் தனியாரா, அரசாங்கமா என்பதே. நாம் தட்ட வேண்டிய கதவு அதனைப் பொறுத்தது.

தனியார் நிர்வாகமாயின், 1950 ஆம் ஆண்டின் 43 ஆம் இலக்கக் கைத்தொழிற் பிணக்குகள் சட்டம் துணை நிற்கின்றது. எத்தகைய பதவியிலாயினும், எழுத்தாலோ வாய்மொழியாலோ ஒப்பந்தம் செய்து வேலை செய்பவர் எவரும் அச்சட்டப்படி 'தொழிலாளி'யே. இந்தியாவின் கைத்தொழிற் பிணக்குச் சட்டத்தின் கீழ் ஆசிரியர் தொழிலாளி அல்லர் என அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 1988 இல் தீர்த்தது. நம் நாட்டுச் சட்டத்தின் சொற்களோ அதனிலும் விரிந்தவை.

1957 ஆம் ஆண்டுத் திருத்தத்தால் உருவான தொழில் நியாயசபை கண்டியிலும் உண்டு. வழக்கறிஞரை அமர்த்தியோ, தொழிற்சங்கத்தின் மூலமாகவோ, தாமாகவோ அங்கு விண்ணப்பிக்கலாம். ஒப்பந்தத்தில் எதிராக என்ன எழுதியிருந்தபோதிலும், நீதியும் நியாயமும் எனத் தோன்றும் பரிகாரத்தை வழங்கச் சபைக்கு அதிகாரமுண்டு.

இதனால் ஒவ்வோர் ஒப்பந்த முடிவும் அநீதி என்று ஆகிவிடாது. பிரசவ விடுமுறையில் சென்ற ஆசிரியைக்குப் பதிலாக ஒரு தவணை கற்பித்தவர், அவர் திரும்பியதும் விலகுவது இயல்பே. ஆனால் அதே வகுப்பை ஆண்டுதோறும் கற்பித்து, இடையில் சில நாள் இடைவெளி விட்டுப் புதுக் கடிதம் பெற்று வந்தவரின் கதை வேறு. கடிதத்தின் சொல்லை மட்டுமன்றி, வேலையின் உண்மைத் தன்மையையும் காட்டி அவர் வாதிடலாம்.

இங்கே ஓர் எச்சரிக்கை. வேலையை நிறுத்தியதாக நிர்வாகம் ஒப்புக்கொண்டால், அது நியாயமே என நிரூபிக்கும் பொறுப்பு நிர்வாகத்தைச் சாரும். "அவரே வராது நின்றுவிட்டார்" என்று நிர்வாகம் சொன்னாலோ, நிறுத்தப்பட்டதை நிரூபிக்கும் சுமை நம் தலையில் விழும். ஆகவே பிறர் எழுதித் தரும் இராஜினாமாக் கடிதத்தில் கையொப்பமிடலாகாது. வாய்மொழியாக "வரவேண்டாம்" என்றால், காரணம் கேட்டு உடனே பதிவுத் தபாலில் கடிதம் அனுப்புதல் வேண்டும். விண்ணப்பத்திற்குரிய காலக்கெடு சில மாதங்களே. தாமதம் உரிமையை அழித்துவிடும்.

வேலை திரும்பக் கிடைக்காவிடினும், பெறவேண்டிய பணம் உண்டு. ஊழியர் சேமலாப நிதிக்கு ஊழியர் 8 வீதமும் நிர்வாகம் 12 வீதமும் செலுத்த வேண்டும். மாதச் சம்பளம் 30,000 ரூபாவாயின், முறையே 2,400 ரூபாவும் 3,600 ரூபாவும் ஆகும். நிர்வாகத்தின் பங்கை நம் சம்பளத்தில் கழிக்கலாகாது. ஊழியர் நம்பிக்கை நிதியத்திற்கு நிர்வாகமே மேலும் 3 வீதம் செலுத்த வேண்டும். செலுத்தாதவர் மீது கண்டித் தொழில் அலுவலகத்தில் முறையிடலாம்.

1983 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கச் சட்டப்படி, 15 பேருக்குக் குறையாதோர் வேலை செய்யும் நிறுவனத்தில் ஐந்தாண்டு சேவையை நிறைவு செய்தவர் பணிக்கொடைக்கு உரியவர். ஆண்டொன்றுக்கு அரைமாதச் சம்பளம் கணக்கு. ஆறாண்டு சேவை செய்து இறுதியில் 30,000 ரூபா பெற்றவருக்கு 90,000 ரூபா. வேலை முடிந்த 30 நாட்களுக்குள் இது கொடுக்கப்பட வேண்டும்.

அரசாங்க ஊழியருக்குத் தொழில் நியாயசபையின் கதவு திறவாது. அவர்களுக்கு அரசியலமைப்பின் 12 ஆம் உறுப்புரை தரும் சமத்துவ உரிமை உண்டு. அது மீறப்பட்டால் ஒரு மாதத்துள் உயர் நீதிமன்றத்தை நாட வேண்டும். அதே ஒரு மாதத்துள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிட்டால், விசாரணை நடைபெறும் காலம் அக்கெடுவிற் சேராது. இந்தியாவின் ஹரியானா மாநிலத்தில், ஆசிரியர்களைக் கல்வியாண்டின் தொடக்கத்தில் நியமித்துக் கோடை விடுமுறைக்கு முன் நீக்கிவந்தனர். 1985 இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் இவ்வழக்கத்தைச் சமத்துவத்துக்கு முரணென்று கண்டித்து, விடுமுறைக் காலச் சம்பளத்தையும் கொடுக்கச் செய்தது.

இவை யாவற்றிற்கும் ஆதாரம் காகிதமே. நியமனக் கடிதம், புதுப்பித்த கடிதங்கள், சம்பளச் சிட்டைகள், நேரசூசி ஆகியவற்றைப் பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ்களோடு ஒரே கோப்பில் பேணி வாருங்கள். வீட்டில் ஒப்பந்த ஆசிரியை ஒருவர் இருப்பின், இன்றே அக்கோப்பைத் தொடங்குவது நன்று. கடிதம் வந்தபின் தேடுவதைவிட, வேலையில் இருக்கும்போதே சேர்ப்பது எளிது.